இப்படியே போனால் என்ன ஆகும்? ஆக்டேவியா பட்லரும் அறிவியல் புனைகதையும்

அறிவியல் புனைகதை என்றதும் பலருக்கு ராக்கெட், ரோபோ, லேசர் துப்பாக்கி, பெரிய தலையோடு நாலு வேற்றுகிரகவாசிகள் என்றுதான் மனதில் ஓடும். தப்பில்லை, அப்படிப்பட்ட கதைகளும் நிறைய இருக்கின்றன, எனக்கும் அவை பிடிக்கும். ஆனால் இந்த வகைக்குள்ளேயே சமூக அறிவியல் புனைகதை என்று ஒரு போக்கு உண்டு. அங்கே கருவி ஒரு சாக்குதான். அந்தக் கருவி வந்த பிறகு வீட்டில் என்ன மாறியது, தெருவில் என்ன மாறியது, யார் கை ஓங்கியது, யார் நசுங்கினார்கள் என்பதுதான் கதை.

புதிதாக வருகிறவர்களுக்கு இதைப் புரியவைக்க கார் உதாரணம் ஒன்று சொல்வார்கள். கார் என்ற பொருளே இல்லாத காலத்தில் ஒருவர் கதை எழுத உட்காருகிறார் என்று வையுங்கள். குதிரை இல்லாமல் ஓடும் வண்டியை அவர் எப்படியும் கற்பனை செய்துவிடுவார். அதில் ஏறி நாயகன் வில்லனைத் துரத்துகிறான் என்றும் எழுதிவிடலாம். அமெரிக்க எழுத்தாளர் ஃபிரெடெரிக் போல் அங்கேதான் ஒன்று சொன்னார்: நல்ல அறிவியல் புனைகதை காரை யூகித்தால் போதாது, டிராஃபிக் ஜாமை யூகிக்க வேண்டும். ரொம்பச் சரியான பேச்சு. நான் இதோடு இன்னொரு கேள்வியையும் சேர்த்துக்கொள்வேன். ஊரே காரை நம்பி அகலமாகப் பரந்துவிட்ட பிறகு, கார் இல்லாதவர் எப்படி வேலைக்குப் போகிறார்?

இந்தக் கடைசிக் கேள்வியைத் தன் வாழ்க்கையாலேயே கேட்ட ஒரு எழுத்தாளர் இருந்தார். கார் இல்லாவிட்டால் நகரவே முடியாது என்று பெயர்பெற்ற லாஸ் ஏஞ்சலஸ் வட்டாரத்தில் வளர்ந்து, வண்டியே ஓட்டாமல் பஸ்ஸிலேயே போய்வந்தவர், ஆக்டேவியா பட்லர். சமூகத்தையும் தொழில்நுட்பத்தையும் சேர்த்து யோசிக்கும் எழுத்து எப்படி இருக்கும் என்று யாராவது கேட்டால், விளக்கம் சொல்வதைவிட இவருடைய வாழ்க்கையைச் சொல்லிவிடுவது எனக்குச் சுலபமாக இருக்கிறது.

1947இல் கலிஃபோர்னியாவின் பாசடீனாவில் பிறந்தார். அப்பா ஷூ பாலிஷ் போடுகிறவர், மகள் சின்னப் பிள்ளையாக இருக்கும்போதே இறந்துவிட்டார். அம்மா வெள்ளைக்காரர்கள் வீடுகளில் வேலை செய்தவர். சில நாட்களில் மகளையும் கூடவே கூட்டிப் போவார். வேலைக்காரர்கள் முன்வாசல் வழியாக உள்ளே போகக் கூடாது, பின்வாசல்தான். உள்ளே போனால், அம்மா அங்கே நின்றுகொண்டிருக்கும்போதே அவர் இல்லாததுபோல அவரைப் பற்றிப் பேசுவார்கள். அம்மா எதுவும் காதில் விழாததுபோல வேலையைப் பார்ப்பார். சிறுமியாக இருந்த ஆக்டேவியாவுக்கு இது அவமானமாக இருந்தது, அம்மாமேலேயே கோபம் வந்தது. அந்தப் பின்வாசல்தான் தனக்குச் சோறு போட்டது என்பது வளர்ந்த பிறகுதான் அவருக்கு உறைத்தது. அந்த அம்மா படிப்பைப் பாதியில் நிறுத்தி வேலைக்கு அனுப்பப்பட்டவர், ஆனால் வேலை செய்த வீடுகளில் வேண்டாம் என்று தூக்கிப்போட்ட புத்தகங்களை எல்லாம் மகளுக்காக வீட்டுக்கு எடுத்துவருவார். மகள் பத்து வயதில் டைப்ரைட்டர் வேண்டும் என்று அடம்பிடித்தபோது ஒரு ரெமிங்டன் வாங்கியும் கொடுத்தார்.

பெண் ரொம்பக் கூச்ச சுபாவம், ஆறடி உயரம், எழுத்துகளைப் படிப்பதில் சிரமம் தரும் டிஸ்லெக்சியா வேறு. பள்ளிக்கூடத்தில் கேலிக்குக் குறைவில்லை. பன்னிரண்டு வயதில் ஒருநாள் டிவியில் செவ்வாய் கிரகத்துப் பெண் பூமிக்கு வருவதுபோல ஒரு மட்டமான படம் பார்க்கிறார். இதைவிட நன்றாக நானே எழுதுவேனே என்று தோன்றியது. அடுத்த யோசனை, இதை எழுதியவருக்கும் யாரோ காசு கொடுத்திருக்கிறார்களே என்பது. உடனே உட்கார்ந்து எழுத ஆரம்பித்துவிட்டார். கறுப்பின மக்கள் எழுத்தாளர் ஆக முடியாதம்மா என்று குடும்பத்திலேயே ஒருவர் பிரியத்தோடுதான் சொன்னார். அதுவரை தான் படித்த எந்தப் புத்தகத்தையும் ஒரு கறுப்பினத்தவர் எழுதியதாக அந்தச் சிறுமிக்கும் தெரியாது.

1970இல் கிளாரியன் என்ற அறிவியல் புனைகதைப் பட்டறைக்குப் போனார், அங்கே முதல் இரண்டு கதைகள் விலைபோயின. வழி பிறந்துவிட்டது என்றுதான் யாரும் நினைப்பார்கள். அடுத்த ஐந்து வருடம் ஒரு வார்த்தைகூட விற்கவில்லை. பாத்திரம் கழுவினார், தொலைபேசியில் பொருள் விற்றார், உருளைக்கிழங்கு சிப்ஸ் தொழிற்சாலையில் சிப்ஸைப் பார்த்துப் பொறுக்கும் வேலை செய்தார். விடியற்காலை இரண்டு மணிக்கு எழுந்து எழுதிவிட்டு வேலைக்குப் போவார். உந்துதல் வரட்டும் என்று காத்திருக்காதே, பழக்கத்தை நம்பு என்று பிற்பாடு இளம் எழுத்தாளர்களுக்கு அவர் சொன்னது இந்த இரண்டு மணியிலிருந்து வந்ததுதான். முதல் நாவல் 1976இல் வந்தது. அப்புறம் கிட்டத்தட்ட வருடத்துக்கு ஒன்று.

சரி, இவர் எழுதியதில் அறிவியல் எங்கே, சமூகம் எங்கே? ஒரு சிறுகதையைக் கிட்டத்தில் வைத்துப் பார்ப்போம்.

எண்பதுகளின் தொடக்கத்தில் ஒருநாள், புற்றுநோயால் செத்துக்கொண்டிருக்கும் ஒரு சிநேகிதியைப் பார்க்க பஸ்ஸில் போகிறார். மனது ஏற்கெனவே பாரமாக இருக்கிறது. பஸ்ஸுக்குள் இரண்டு பேருக்குள் ஒன்றுமில்லாத விஷயத்துக்கு அடிதடி, ரத்தம். மனுஷ ஜாதி கையை நீட்டாமல் பேசிப் புரிந்துகொள்ள எப்போதாவது கற்றுக்கொள்ளுமா என்று அவருக்கு வெறுத்துப்போகிறது. அந்தச் சலிப்பிலிருந்துதான் 1983இல் வெளிவந்த 'ஸ்பீச் சவுண்ட்ஸ்' கதை பிறந்தது. அதில் பக்கவாதம் போன்ற ஒரு நோய் உலகத்தையே தாக்குகிறது. பலர் சாகிறார்கள், பிழைத்தவர்களில் சிலருக்குப் பேச்சு போகிறது, சிலருக்குப் படிக்கும் திறன் போகிறது, சிலருக்கு இரண்டுமே. அவ்வளவுதான் மாற்றம். விண்கலமும் கிடையாது, குண்டும் விழவில்லை. மொழி என்ற ஒன்றை மட்டும் உருவிவிட்டு மீதி உலகத்தை அப்படியே விட்டுவைக்கிறார்.

அப்புறம் என்ன நடக்கிறது என்று ஒவ்வொன்றாகத் தொடர்ந்து போகிறார். பஸ் ஓடுகிறது, ஆனால் அதை ஓட்டுகிறவர் எப்போது ஓட்டத் தோன்றுகிறதோ அப்போதுதான் ஓடும். ஒருவர் கால் இன்னொருவர் மேல் பட்டால் மன்னிப்புக் கேட்க வழியில்லை, அதனால் ஒரு சின்ன உரசல் சண்டையாகிறது. பெயரைச் சொல்ல முடியாது என்பதால் கழுத்தில் ஒரு கல், சட்டையில் ஒரு கதிர் வடிவ ஊசி என்று ஏதாவது அடையாளத்தை அணிந்துகொள்கிறார்கள், அதுதான் பெயர். நாயகி ஒரு காலத்தில் எழுத்தாளர், பல்கலைக்கழகத்தில் பாடம் நடத்தியவர். அவருக்குப் பேச வரும், படிக்க வராது. வீடு நிறையப் புத்தகம் இருக்கிறது, ஒரு வரி புரியாது. வழியில் சந்திக்கும் ஒரு ஆளுக்குப் பேச வராது, ஆனால் அவன் ஒரு வரைபடத்தை எடுத்து அதில் எழுதியிருப்பதைப் பார்த்து விரல் வைக்கிறான். இவனுக்குப் படிக்கத் தெரிகிறது என்று அவருக்குப் புரிந்த கணத்தில், அவனைக் கொன்றுவிடலாமா என்கிற அளவுக்குப் பொறாமை பொங்குகிறது. நான் இந்த இடத்தில் புத்தகத்தை மூடிவைத்துவிட்டு கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன். எழுத்தும் பேச்சும்கூட ஒருவகைத் தொழில்நுட்பங்கள்தான் என்பதும், அவை பறிபோனால் நாம் எவ்வளவு சீக்கிரம் கை ஓங்குவோம் என்பதும் எந்த விளக்கமும் இல்லாமல் அந்த ஒரு விரல் நுனியில் தெரிந்துவிடுகிறது. 1984இல் இந்தக் கதைக்கு அறிவியல் புனைகதைக்கான ஹ்யூகோ விருது கிடைத்தது.

ஒன்றை மட்டும் மாற்று, மிச்சத்தை நேர்மையாகப் பின்தொடர். இந்த வகை எழுத்தின் அடிப்படை வேலை முறை இதுதான். மாற்றும் அந்த ஒன்று எதிர்காலத்தில்தான் இருக்க வேண்டும் என்பதும் கிடையாது. 1979இல் வந்த 'கின்ட்ரெட்' நாவலில், 1976ஆம் ஆண்டு கலிஃபோர்னியாவில் வாழும் டேனா என்ற கறுப்பினப் பெண் திடீர் திடீரென்று பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்து மேரிலாந்து மாநிலத்துக்கு, அடிமைகள் வேலை செய்யும் ஒரு பண்ணைக்கு இழுக்கப்படுகிறாள். எப்படி என்று விளக்கமே கிடையாது, கால இயந்திரமும் கிடையாது. தொழில்நுட்பம் பற்றி நாவல் மௌனமாக இருந்தாலும் கேள்வி கூர்மையானது: இன்றைய படிப்பும் தன்மானமும் உள்ள ஒருத்தியை அங்கே கொண்டுபோய் விட்டால் எத்தனை நாளில் பழகிப்போவாள்?

இந்த நாவல் பிறந்த கதையும் தெரிந்துகொள்ள வேண்டியது. கல்லூரியில் கூடப் பழகிய ஒரு இளைஞன், நம்மை இவ்வளவு காலம் பின்னால் இழுத்துவைத்த பழைய தலைமுறை ஆட்களைக் கொன்றுபோடலாம் போலிருக்கிறது, ஆனால் என் அப்பா அம்மாவிடமிருந்து ஆரம்பிக்க வேண்டுமே என்கிற மாதிரிப் பேசினான். ஆக்டேவியாவுக்கு உடனே பின்வாசல் ஞாபகம் வந்தது. அவர்கள் தலை குனிந்ததால்தான் நாம் உயிரோடு இருக்கிறோம் என்பதை வாயால் சொன்னால் அவனுக்குப் புரியாது, உடம்பால் உணரவைக்க வேண்டும் என்று நினைத்தார். நீண்ட தூர பஸ்ஸில் ஏறி மேரிலாந்துக்குப் போனார், நாட்குறிப்புகளையும் அடிமைகளாக இருந்தவர்கள் சொல்லிவைத்த வாழ்க்கைக் கதைகளையும் தேடிப் படித்தார். ஜார்ஜ் வாஷிங்டன் வாழ்ந்த மவுன்ட் வெர்னன் வீட்டையும் பார்த்தார். அந்தக் காலத்தில் அங்கே சுற்றிக்காட்டியவர்கள் அடிமைகள் என்று சொல்லாமல் வேலையாட்கள் என்றே சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

இன்னும் இரண்டு படைப்புகளைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1984இல் வந்த 'ப்ளட்சைல்ட்' சிறுகதையில் வேற்றுகிரக உயிர்களின் முட்டைகளை மனித ஆண்கள் தங்கள் உடம்பில் சுமக்கிறார்கள். பெரு நாட்டுக்குப் போகவேண்டியிருந்தபோது, தோலுக்கடியில் புழுவாக வளரும் ஒருவகை ஈயைப் பற்றிப் படித்துவிட்டு வந்த பயத்தைத்தான் அப்படிக் கதையாக மாற்றினார். இதை அடிமைமுறை பற்றிய கதை என்று பலர் படித்தார்கள், அவர் அப்படி இல்லை என்று மறுத்தார். 1987 முதல் 1989 வரை வந்த மூன்று நாவல்களில், அணு ஆயுதப் போரில் பூமி அழிந்த பிறகு மிஞ்சிய மனிதர்களை ஒரு வேற்றுகிரக இனம் காப்பாற்றுகிறது, பதிலுக்கு மரபணுக்களைக் கலந்துகொள்ளக் கேட்கிறது. அவர்களுடைய கப்பல்கூட உலோகமில்லை, உயிருள்ள ஒன்று. மனிதனுக்குப் புத்தியும் உண்டு, மேல் கீழ் பார்க்கும் குணமும் உண்டு, இரண்டும் ஒரே உடம்பில் இருப்பதுதான் ஆபத்து என்பது அவர்கள் கண்டறிந்த நோய். அணுப்போரில் ஜெயிக்க முடியும் என்று, ரீகன் அமெரிக்க அதிபராக இருந்த காலத்தில் சிலர் பேசியதைக் கேட்டு அதிர்ந்துபோய் எழுதியவை இவை.

இப்போது 1993இல் வந்த 'பேரபிள் ஆஃப் த சோவர்' நாவலுக்கு வருவோம். இப்படியே போனால் என்ன ஆகும் என்று கேட்கும் கதை வகைக்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியாது.

கதை 2024 ஜூலையில் தொடங்குகிறது, லாரன் என்ற பதினைந்து வயதுப் பெண்ணின் நாட்குறிப்பாக. லாஸ் ஏஞ்சலஸுக்குப் பக்கத்தில் ஒரு சின்ன ஊர், சுற்றிலும் மதில் கட்டிக்கொண்டு சில குடும்பங்கள் உள்ளே வாழ்கின்றன. வெளியே போவதென்றால் துப்பாக்கியோடு கூட்டமாகப் போக வேண்டும். மழை வருடக் கணக்கில் இல்லை. தண்ணீர் விலை பெட்ரோலைவிடப் பல மடங்கு. போலீஸைக் கூப்பிட்டால் கட்டணம், தீயணைப்பு வண்டியைக் கூப்பிட்டாலும் கட்டணம். அதே நேரத்தில் செவ்வாயில் மனிதர்கள் இருக்கிறார்கள்! ஒரு விண்வெளி வீராங்கனை அங்கே இறந்துபோன செய்தி வருகிறது, மதிலுக்குள் இருப்பவர்கள் இவ்வளவு காசை அங்கே கொட்டுகிறார்களே, இங்கே தண்ணீருக்கு வழியில்லையே என்று பேசிக்கொள்கிறார்கள்.

இந்த இடத்தைத்தான் நான் புதியவர்களுக்கு அழுத்திச் சொல்வேன். உலகம் சீரழிந்தால் தொழில்நுட்பமும் சேர்ந்து அழிந்துபோகும் என்று பல கதைகள் காட்டும். இங்கே அப்படி இல்லை. ராக்கெட் இருக்கிறது, சுவர் அளவுக்கு டிவி இருக்கிறது, கடல்நீரைக் குடிநீராக்கும் ஆலை இருக்கிறது, ஆனால் அவை யார் கையில் இருக்கின்றன என்பதில்தான் சிக்கல். அந்தக் குடிநீர் ஆலை இருக்கும் கடலோர ஊரை ஒரு பெரிய கம்பெனி வாங்கிவிடுகிறது. வாருங்கள், பாதுகாப்பு தருகிறோம், வீடு தருகிறோம், வேலை தருகிறோம் என்கிறது. கணக்குப் போட்டுப் பார்த்தால் சம்பளம் வாடகைக்கும் சாப்பாட்டுக்கும் போதாது, கடன் ஏறும், கடன் இருக்கும்வரை கிளம்ப முடியாது. பயந்துபோன ஜனங்கள் இடம் கிடைத்தால் போதும் என்று வரிசை கட்டுகிறார்கள். பின்வாசல் வீட்டில் வளர்ந்தவருக்கு, 'கின்ட்ரெட்' எழுதியவருக்கு, இந்தக் கடன் கணக்கு கற்பனையே இல்லை. பழைய அமெரிக்கச் சுரங்க ஊர்களில் கம்பெனிக் கடையில் கடன்பட்டே ஆயுளைக் கழித்தவர்கள் நிறையப் பேர்.

லாரனுக்கு இன்னொரு சங்கடம். கர்ப்பமாக இருந்தபோது அம்மா எடுத்த ஒரு மருந்தின் விளைவாக, எதிரில் இருப்பவருக்கு வலிப்பதைப் பார்த்தால் இவளுக்கும் வலிக்கும். எல்லாருக்கும் இப்படி இருந்தால் யாரும் யாரையும் அடிக்க மாட்டார்கள் என்று தோன்றும், ஆனால் அந்த உலகத்தில் அவளுக்கு அது பெரும் ஆபத்து. அந்த மருந்தும் மூளையைக் கூர்மையாக்கும் என்று சொல்லி விற்கப்பட்டதுதான்.

2025 ஜனவரியில் லாஸ் ஏஞ்சலஸைச் சுற்றிப் பெரும் காட்டுத்தீ பரவியபோது இந்த நாவலைப் பற்றி உலகமே பேசியது. நாவலில் லாரன் 2025 பிப்ரவரி 1ஆம் தேதிக் குறிப்பில், இன்று தீப்பிடித்தது என்று எழுதுகிறாள். நிஜத்தில் ஜனவரி 7ஆம் தேதி மூண்ட ஈட்டன் தீ, பாசடீனாவை ஒட்டியுள்ள ஆல்ட்டடீனாவில் ஆயிரக்கணக்கான வீடுகளை எரித்தது. ஆக்டேவியாவின் கல்லறையும் அதே ஆல்ட்டடீனாவில்தான் இருக்கிறது. 1998இல் வந்த இரண்டாம் பாகத்தில் அமெரிக்காவை மறுபடி மகத்தான நாடாக்குவோம் என்ற கோஷத்தோடு ஒருவர் தேர்தலில் நிற்பார். அதனால் இவரைத் தீர்க்கதரிசி என்றே பலர் கூப்பிட ஆரம்பித்துவிட்டார்கள்.

எனக்கு அந்தப் பட்டத்தில் உடன்பாடில்லை, அவருக்கும் இருந்ததில்லை. அந்தக் கோஷத்தை 1980 தேர்தலிலேயே ரீகன் பயன்படுத்தியிருந்தார், இவர் அதைக் கேட்டிருந்தார். தெற்குக் கலிஃபோர்னிய மலைகள் அவர் பிறப்பதற்கு முன்பிருந்தே எரிந்துகொண்டுதான் இருந்தன. பூமி சூடாவதைப் பற்றி விஞ்ஞானிகள் சொன்னதை அவர் படித்தார், செய்தித்தாள்களை வெட்டி வெட்டிச் சேர்த்துவைத்தார், நூலகத்தில் கிடந்தார். நீங்கள் எழுதும் கஷ்டங்கள் எல்லாம் நிஜமாகவே வரும் என்று நம்புகிறீர்களா என்று ஒரு மாணவர் கேட்டபோது, பிரச்சினைகளை நான் உருவாக்கவில்லை, நாம் இப்போது கண்டுகொள்ளாமல் விடுகிறவற்றை எடுத்து முப்பது வருடம் வளரவிட்டேன், அவ்வளவுதான் என்கிற பொருளில் பதில் சொன்னார். 1993உடன் முப்பதைக் கூட்டிப் பாருங்கள்.

தீர்க்கதரிசி என்று கும்பிட்டுவிட்டால் நம் வேலை முடிந்துவிடும், எல்லாம் அவருக்கு மட்டும் எப்படியோ தெரிந்தது என்று விட்டுவிடலாம். அவர் செய்ததோ யார் வேண்டுமானாலும் செய்யக்கூடிய காரியம். பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து பார்த்தார், கேட்டார், குறித்துக்கொண்டார், பழைய வரலாற்றைப் படித்தார், அதை எல்லாம் சேர்த்து முன்னால் நீட்டினார். இயற்பியலில் பட்டம் வாங்கியவர் இல்லை அவர். இந்த மாதிரி எழுத அறிவியல் கரைத்துக் குடித்திருக்க வேண்டும் என்று நினைத்துத் தயங்குகிறவர்களுக்காகவே இதைச் சொல்கிறேன்.

1995இல் மெக்ஆர்தர் ஃபெலோஷிப் என்ற பெரிய நிதி உதவி கிடைத்தது. அறிவியல் புனைகதை எழுத்தாளர் ஒருவருக்கு அது கிடைத்தது அதுதான் முதல்முறை. 2 லட்சத்து 95 ஆயிரம் டாலர். அதில் தனக்கும் அம்மாவுக்கும் ஒரு வீடு வாங்கினார். லாரன் கதையின் இரண்டாம் பாகம், அறிவியல் புனைகதைக்கான இன்னொரு பெரிய விருதான நெபுலாவைப் பெற்றது. மூன்றாம் பாகத்தைத் திரும்பத் திரும்ப ஆரம்பித்தும் முடிக்க முடியவில்லை. 2006இல், 58 வயதில் இறந்தார். மொத்தம் 12 நாவல்கள், ஒரு சிறுகதைத் தொகுப்பு. அவற்றில் ஒரு நாவலை அவருக்கே பிடிக்காமல் போய், மறுபதிப்பே வேண்டாம் என்று நிறுத்திவைத்தார்.

அவருடைய காகிதங்கள் எல்லாம் பாசடீனாவுக்குப் பக்கத்தில் உள்ள ஹன்டிங்டன் நூலகத்தில் முந்நூறுக்கும் மேற்பட்ட பெட்டிகளில் இருக்கின்றன. 1988இல் ஒரு நோட்டுப் புத்தகத்தில், என் புத்தகங்கள் அதிகம் விற்கும் புத்தகங்களின் பட்டியலில் வரும் என்று தனக்குத்தானே உறுதி எழுதிவைத்திருக்கிறார். நியூயார்க் டைம்ஸ் பட்டியலில் லாரனின் கதை ஏறியது 2020இல், அவர் போய்ப் பதினான்கு வருடம் கழித்து. அதற்கு அடுத்த வருடம் பெர்சவரன்ஸ் ஊர்தி செவ்வாயில் இறங்கிய இடத்துக்கு நாசா அவர் பெயரை வைத்தது. அந்த ஊர்தியை உருவாக்கிய ஆய்வுக்கூடம் பாசடீனாவில்தான் இருக்கிறது.

எங்கிருந்து ஆரம்பிப்பது என்று கேட்டால், லாரனின் கதையை முதலில் எடுக்க வேண்டாம் என்பேன். நல்ல நாவல்தான், ஆனால் பல பக்கங்களில் கொலையும் தீயும் நெஞ்சை அழுத்தும். 'கின்ட்ரெட்' வாசிக்கச் சுலபம், இரண்டு மூன்று நாளில் முடித்துவிடலாம், மூடிய பிறகு பல நாள் கூடவே வரும். அதற்கும் நேரமில்லை என்றால் அந்தப் பஸ் கதையை, 'ஸ்பீச் சவுண்ட்ஸை'ப் படியுங்கள். ஒரே மூச்சில் முடிந்துவிடும், முதல் வரியிலேயே வாஷிங்டன் பூல்வார்ட் பஸ்ஸில் தகராறு தொடங்கியிருக்கும்.